பதவி உயர்வுத் தேர்வு வழக்குக்காக நான் போன சத்துவாச்சாரி வக்கீல் அலுவலகம்

வேலூர் சத்துவாச்சாரியில், கோர்ட்டிலிருந்து நடந்து போகிற தூரத்தில், ஒரு மருந்துக்கடை மாடியில் இருக்கிறது இந்த அலுவலகம். அரசு ஊழியர்களின் பணி வழக்குகளை மட்டும் எடுக்கும் ஒரு அம்மா நடத்துகிறார். பெயர் போட வேண்டாம் என்று அவரே கேட்டுக்கொண்டார்.

நான் மத்திய அரசுத் துறை ஒன்றில் 16 வருஷமாக வேலை செய்கிறேன். குடியாத்தத்திலிருந்து தினமும் பஸ். பிள்ளைகள் தூங்கிய பிறகு உட்கார்ந்து படித்துத்தான் பதவி உயர்வுத் தேர்வு எழுதினேன். இரண்டு தாள். மொத்த மதிப்பெண்படி தேர்வு என்றுதான் அறிவிக்கையில் இருந்தது. பரீட்சை முடிந்து, ரிசல்ட் வருவதற்குள் ஒரு சுற்றறிக்கை வந்தது: ஒவ்வொரு தாளிலும் குறைந்தபட்ச மதிப்பெண் வேண்டுமாம். இரண்டாம் தாளில் எனக்கு 2 மார்க் குறைந்தது. மொத்தத்தில் எனக்குக் கீழே இருந்தவர்கள் பட்டியலில் வந்தார்கள். அன்றைக்கு ராத்திரி முழுக்கத் தூங்கவில்லை.

முதலில் வேறொரு வக்கீலிடம் போனேன். ஒரு பேப்பரைக்கூடப் பார்க்காமல் "ஜெயிச்சிடலாம்" என்று சொல்லி முன்பணம் கேட்டார். எழுந்து வந்துவிட்டேன்.

இந்த அம்மா கேட்ட முதல் கேள்வியே, "அறிவிக்கை எங்கம்மா?" என்பதுதான். என்னிடம் இருந்தது வாட்ஸ்அப்பில் வந்த சுற்றறிக்கை மட்டும். அறிவிக்கை, தேர்வு விதிகள் எல்லாவற்றையும் எடுத்து வரச் சொல்லி அனுப்பிவிட்டார். அப்போதே என் விடைத்தாள் நகலுக்கு 10 ரூபாய் கட்டித் தகவல் உரிமைச் சட்டத்தில் மனு போட வைத்தார். தேர்வு எழுதியவர் தன் விடைத்தாளைப் பார்க்கலாம் என்று உச்ச நீதிமன்றம் 2011-லேயே சொல்லியிருக்கிறதாம். எனக்கு அதுவரை தெரியாது.

இரண்டாம் முறை போனபோது முக்கால் மணி நேரம் பேசினார். விடைக்குறிப்பில் ஒரு கேள்விக்குத் தப்பான விடை இருக்கிறது என்பதில்தான் என் கோபமெல்லாம். "அது நிக்காதும்மா" என்றார். சந்தேகம் இருந்தால் அதன் பலன் தேர்வு நடத்தியவர்களுக்குத்தான், கோர்ட் உட்கார்ந்து பேப்பர் திருத்தாது என்று 2017-ல் ரண்விஜய் சிங் வழக்கில் உச்ச நீதிமன்றத் தீர்ப்பு இருக்கிறது. ஆனால் சுற்றறிக்கை விஷயம் வேறு. தேர்வு நடந்த பிறகு குறைந்தபட்ச மதிப்பெண்ணைப் புதிதாகப் புகுத்தக்கூடாது என்று ஆந்திர மாவட்ட நீதிபதிகள் தேர்வைப் பற்றிய மஞ்சுஸ்ரீ வழக்கில், 2008-ல், தீர்ப்பு. 2024 நவம்பரில் உச்ச நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் அமர்வும் அதே கருத்தை உறுதி செய்தது. இரண்டும் நேரடி நியமனத் தேர்வுகள், நம்முடையது பதவி உயர்வு. அந்த வித்தியாசத்தை எதிர்த்தரப்பு கிளப்பும் என்பதையும் மறைக்காமல் சொன்னார். எனக்கு நம்பிக்கை வந்தது அந்த இடத்தில்தான்.

கஷ்டமானது அதற்கப்புறம். பட்டியலில் வந்தவர்களையும் எதிர்மனுதாரர்களாகச் சேர்க்க வேண்டும், அவர்களைக் கேட்காமல் அவர்கள் பதவியைத் தொட முடியாது என்றார். அதில் ஒருவர் என் பக்கத்து சீட்டு அண்ணன். என் பெரியவனுக்குக் காய்ச்சல் கண்டபோது பைக்கில் வேலூர் ஆஸ்பத்திரிக்குக் கூட்டிப் போனவர். அவர் பெயர் மேல் நான் கையெழுத்துப் போட வேண்டும். வக்கீலம்மா அவசரப்படுத்தவில்லை. "முதல்ல அவர்கிட்ட நீயே போய்ச் சொல்லிடு, நோட்டீஸ்ல தெரிய வேணாம்" என்றார். சொன்னேன். அண்ணன் கொஞ்ச நேரம் பேசவில்லை. அப்புறம், "தப்பு சர்க்குலர்மேல, உன்மேல இல்ல. போடும்மா" என்றார். இந்த ஒரு யோசனைக்காகவே அந்த வக்கீலுக்கு நன்றி சொல்ல வேண்டும்.

மத்திய அரசு ஊழியர் என்பதால் வழக்கு சென்னையில் மத்திய நிர்வாகத் தீர்ப்பாயத்துக்குப் போகிறது. முதலில் துறைக்கு முறையீட்டு மனு, பதில் வராவிட்டால் ஆறு மாசம் பொறுத்து, அதற்கடுத்த ஒரு வருஷத்துக்குள் வழக்கு. தீர்ப்பாயத்தில் மனுவுக்கான கட்டணம் 50 ரூபாய்தான். வக்கீல் ஃபீஸ் தனி. எதற்கு எவ்வளவு என்று எழுதி, ரசீதும் கொடுத்தார்.

குறையும் உண்டு. போன் எடுக்கமாட்டார், மெசேஜுக்கு மறுநாள்தான் பதில். முதல் பிரதியில் என் பதவிப் பெயரைத் தப்பாக அடித்திருந்தார்கள், திருத்தக் கொடுத்தது திரும்பவும் தப்பாக வந்தது. மனு முழுக்க ஆங்கிலம். ஒவ்வொரு பத்தியையும் தமிழில் வாயால் விளக்கினார், ஆனால் வீட்டில் திரும்பப் படிக்கத் தமிழில் இரண்டு பக்கம் கொடுத்திருந்தால் நிம்மதியாக இருந்திருக்கும். கட்டாயம் இதை மாற்றிக்கொள்ள வேண்டும்.

என் வழக்கில் நோட்டீஸ் போயிருக்கிறது, துறையின் பதிலுக்குக் காத்திருக்கிறோம். போகிறவர்கள் அறிவிக்கை, விதிகள், சுற்றறிக்கை, ரிசல்ட் நாலையும் தேதி வாரியாக அடுக்கி எடுத்துப் போங்கள். மாலை 6 மணிக்கு மேல் இருப்பார். சனிக்கிழமை கூட்டம் அதிகம், செவ்வாய், புதனில் போனால் நிதானமாகப் பேசலாம்.