அணா கணக்கில் இடிக்கிறது

பேரன் 450 ரூபாய் கொடுத்து வாங்கிய அட்டைகள் வைத்து ஆடும் கற்பனை விளையாட்டு இது. ஒரே சென்னை, மூன்று இணை உலகங்கள், உலகத்துக்கு ஒரு பேரேடு. முப்பது வருஷம் வங்கியில் கேஷியராக இருந்தவன் நான். நங்கநல்லூர் மொட்டைமாடியில் நாலு ராத்திரி விளையாடினோம்.

ஒரு உலகத்தில் 1914 செப்டம்பர் 22 அன்று எம்டன் என்ற ஜெர்மன் போர்க்கப்பல் வரவேயில்லை. துறைமுகத்து எண்ணெய் டாங்கிகள் எரியவில்லை. அங்கே மலிவாக மண்ணெண்ணெய் வாங்கி நம் உலகத்தில் விற்றேன். ரெண்டு சுற்று கொள்ளை லாபம். மூன்றாவதில் அங்கே விலை ஏறி, இங்கே இறங்கி, உலகம் தாண்டும் கதவுக்குச் சுங்கம் கட்டக்கூடக் காசில்லை. அசல் சந்தையும் இப்படித்தான் நடக்கும், சபாஷ்!

ஆனால் விளையாட்டில் காலம் தாண்டிப் பணத்தை மாற்றினால் சொதப்பல். 1957 ஏப்ரலில்தான் ஒரு ரூபாய்க்கு நூறு நயா பைசா என்று ஆனது; அதுவரை 16 அணா. நூறை 16-ஆகப் பிரித்தால் அணாவுக்கு 6.25 பைசா வரும். விளையாட்டைச் செய்தவர்கள் 6 என்று போட்டு மிச்சத்தை விழுங்கிவிட்டார்கள். ரூபாய்க்கு நாலு பைசா! என் கவுன்டரில் நடந்திருந்தால் ராத்திரி வீட்டுக்குப் போயிருக்க முடியாது. “விளையாட்டுதானே தாத்தா” என்கிறான் பேரன். பென்சிலால் திருத்தி வைத்திருக்கிறேன். அட்டைகள் மெலிசு, காபி பட்டதும் ஊறிவிட்டது. ஐந்துக்கு மூன்றரை.