பிறந்த தேதியை கெஜட்டில் மாற்றித் தருகிறேன் என்று யாராவது சொன்னால் பணம் கொடுக்காதீர்கள்

பத்தாம் வகுப்பு மார்க் ஷீட்டில் பிறந்த தேதி தப்பாக இருந்து, "கெஜட்டில் போட்டு மாத்திடலாம்" என்று ஒருவர் சொன்னால், அந்த இடத்தை விட்டு எழுந்து வந்துவிடுங்கள். என் அண்ணன் அப்படி ஒருவரிடம் கொடுத்த 18,000 ரூபாய் இன்னும் திரும்பவில்லை.

அண்ணன் மகள் பிறந்தது டிசம்பர் 6. பிறப்புச் சான்றிதழில் சரியாகத்தான் இருக்கிறது. பள்ளியில் சேர்க்கும்போது நாளையும் மாதத்தையும் மாற்றிப் போட்டு ஜூன் 12 என்று எழுதிவிட்டார்கள். அதுவே டி.சி., மார்க் ஷீட் என்று எல்லாவற்றிலும் ஏறிவிட்டது. கோர்ட்டுக்கு எதிரே ஜெராக்ஸ் கடை வைத்திருக்கும் ஆசாமி, தன்னை வக்கீல் குமாஸ்தா என்று சொல்லிக்கொண்டு பொறுப்பேற்றார்.

முதலில் கெஜட். தமிழ்நாடு அரசிதழில் வருவது பெயர் மாற்ற அறிவிப்பு. பிறந்த தேதியை அது தொடாது. அந்த ஆள் என்ன செய்தார் தெரியுமா? பெண்ணின் ஆங்கிலப் பெயரில் ஒரு 'எச்' சேர்த்துப் பெயர் மாற்றமாக வெளியிட வைத்துவிட்டார். தேதி அப்படியே இருக்க, பெயரிலும் புதிதாக ஒரு குழப்பம்!

அப்புறம் "கோர்ட் ஆர்டர்" வந்தது. இரண்டு பக்கம், ஊதா நிறத்தில் ஒரு முத்திரை. கோர்ட்டே சான்று போட்டுத் தரும் சான்றிட்ட நகல் என்றால் நகலுக்கு மனு போட்ட தேதியும் கொடுத்த தேதியும் இருக்க வேண்டும். இதில் எதுவும் இல்லை. அதிலிருந்த ஓ.எஸ். நம்பரை (சிவில் வழக்கு எண்), கோர்ட் வழக்கு விவரம் பார்க்கும் ஈகோர்ட்ஸ் தளத்தில் போட்டுப் பார்த்தால், யாரோ இரண்டு சகோதரர்களின் பாகப்பிரிவினை வழக்கு.

முறையான வழி இதுதான். பள்ளிப் பதிவேட்டில் சரியாக இருந்து மார்க் ஷீட்டில் மட்டும் பிழை என்றால் கோர்ட் வேண்டாம். தலைமையாசிரியர் வழியாக அரசுத் தேர்வுகள் இயக்ககத்துக்கு விண்ணப்பம் போக வேண்டும். பதிவேட்டிலேயே தப்பு என்றால் உரிமையியல் (சிவில்) நீதிமன்றத்தில் விளம்புகை வழக்கு, அதாவது சரியான பிறந்த தேதி இதுதான் என்று கோர்ட் அறிவிக்கக் கேட்கும் வழக்கு, 1963 குறித்தவகைத் துயர்துடைப்புச் சட்டம் 34-ஆம் பிரிவின்படி. விளம்புகை கேட்பதற்குப் பொதுவாக 3 வருடக் கெடு உண்டு, வழக்குப் போடும் உரிமை எழுந்த நாளிலிருந்து. இப்படிப்பட்ட ஆட்கள் இழுத்தடிக்கும் காலமும் அதில்தான் கழியும்.

பெண்களுக்கு வருமான வரம்பு பார்க்காமல் இலவச சட்ட உதவி உண்டு. தாலுகா கோர்ட்டில் இருக்கும் சட்டப் பணிகள் குழுவில் கேட்டால் வக்கீலையே நியமிப்பார்கள். இப்போது அண்ணன் மகளுக்கு அப்படித்தான் வழக்கு தயாராகிறது.

ஏமாற்றியவர் உண்மையான வக்கீல் என்றால் வக்கீல்களைப் பதிவு செய்யும் பார் கவுன்சிலில் புகார் கொடுக்கலாம். நுகர்வோர் ஆணையத்துக்குப் போக முடியாது. 2024 மே மாதம் உச்ச நீதிமன்றமே அப்படிச் சொல்லிவிட்டது. எங்கள் ஆள் வக்கீலே இல்லை என்பதால், மோசடி, போலி ஆவணம் என்று போலீசில் எழுதிக் கொடுத்திருக்கிறோம்.

இன்னொன்று. அரசை எதிர்வாதியாகச் சேர்க்கும் வழக்குக்கு முன்னால், அவசர அனுமதி வாங்கினால் தவிர, சிவில் நடைமுறைச் சட்டம் 80-ஆம் பிரிவின் கீழ் நோட்டீஸ் அனுப்பி இரண்டு மாதம் காத்திருக்க வேண்டும். "பதினைந்தே நாளில் ஆர்டர் கையில்" என்று அந்தக் கடையில் சொன்னார்களே, அந்த இரண்டு மாதத்தை எங்கே வைத்தார்கள்?