குவிமாடம் இல்லாத இரண்டு பள்ளிவாசல்கள்

கோலாலம்பூரின் மஸ்ஜித் நெகாரா 1965-இல் திறக்கப்பட்டது. இஸ்லாமாபாத்தின் ஃபைசல் மசூதி 1986-இல் முடிந்தது. இரண்டிலும் வழக்கமான உருண்டைக் குவிமாடம் கிடையாது.

மலேசியாவில் இருப்பது விரித்த குடை வடிவில் மடிப்பு மடிப்பான கான்கிரீட் கூரை, 73 மீட்டர் உயர ஒற்றை மினாரா (பள்ளிவாசல் கோபுரம்). காற்று புகும் திறந்த தாழ்வாரங்கள்தான் எனக்கு ரொம்பப் பிடித்தது. அந்த ஊர் வெயிலையும் மழையையும் உணர்ந்து கட்டியிருக்கிறார்கள்.

ஃபைசல் மசூதி எட்டுப் பக்கக் கூடார வடிவம், நான்கு மெலிந்த மினாராக்கள். வடிவமைத்தவர் துருக்கியின் வேதாத் தலோகாய். அங்காராவின் கோஜாதெபே மசூதிக்கு அவர் வரைந்த நவீன வடிவம் பாதியில் கைவிடப்பட்டு, அங்கே உஸ்மானியப் பாணிக் கட்டடமே எழுந்தது. அப்புறம் 1969-இல் நடந்த போட்டியில் இஸ்லாமாபாத் அவரைத் தேர்ந்தெடுத்தது. மர்கல்லா மலையடிவாரத்தில், தூரத்துப் பார்வைக்கு இதுதான் கம்பீரம். உள்ளே அமர்ந்திருக்கும் சுகத்துக்குக் கோலாலம்பூர்தான்.