விபத்து நஷ்ட ஈட்டுக்கு அப்பீல் போட்டுத் தருவதாகச் சொல்லி 46,500 ரூபாயைச் சுருட்டிவிட்டார்கள்

கொடுத்த 46,500 ரூபாய்க்கு மதுரை ஹைகோர்ட் கிளையில் ஒரு தாள்கூடப் பதிவாகவில்லை என்று நேற்று மதியம்தான் தெரிந்தது. ராத்திரி முழுக்கத் தூக்கமில்லை. ஆத்திரம் ஆறுவதற்குள் எழுதிவிடுகிறேன்.

நான் காரைக்குடியில் கல்யாண வீடுகளுக்குச் சீர்ப்பலகாரம் செய்து கொடுப்பவள். 2021-ல் தேவகோட்டை ரோட்டில் ஒரு லோடு வண்டி எங்கள் வண்டியில் மோதி என் வலது மணிக்கட்டு நொறுங்கியது. உள்ளே பிளேட் வைத்திருக்கிறார்கள். இன்றைக்கும் தேன்குழல் அச்சைப் பிடித்து அமுக்கினால் இரண்டாவது சுற்றிலேயே கட்டைவிரல் மரத்துப்போகும். சீப்புச் சீடை பக்கமே போக முடியாது. மருத்துவக் குழு 30 சதவீத ஊனம் என்று சான்று கொடுத்தது. ஜனவரியில் விபத்து நஷ்ட ஈட்டுத் தீர்ப்பாயத்தின் தீர்ப்பு வந்தது. நான் கணக்கு நோட்டு எதுவும் வைத்துக்கொள்ளவில்லை. அதனால் மாதம் 9,000 ரூபாய்தான் வருமானம் என்று எடுத்துக்கொண்டு, ஊனத்தையும் 20 சதவீதமாகக் குறைத்துவிட்டார்கள். சம்பாத்திய இழப்புக்கு 3,02,400 ரூபாய்.

எங்கள் வக்கீலுக்கு வயதாகிவிட்டது, மதுரைக்குப் போவதில்லை. வேறு ஆளைப் பாருங்கள் என்றார். அப்போதுதான் ஒரு மாடியில் விபத்து நஷ்ட ஈடு ஆலோசனை என்று போர்டு பார்த்து ஏறினேன்.

அந்தத் தம்பி தீர்ப்பு நகலை நிதானமாகப் புரட்டினார். "ஆக்சிடென்ட் அப்போ உங்களுக்கு என்ன வயசுக்கா?" என்றார். 43 என்றேன். "அப்போ 14-ஆல பெருக்கணும்" என்றார், எந்தப் புத்தகத்தையும் பார்க்காமல். வயதை வைத்து வரும் பெருக்கு எண்ணாம் அது. என் வருமானம் மாதம் 18,000 என்று வைத்து, பன்னிரண்டு மாதம், 14, அதில் 30 சதவீதம். கால்குலேட்டரை என் பக்கம் திருப்பினார். 9,07,200. "பலகாரம் பிழியுற கைக்கா இது. உங்க சம்பாத்தியம் எவ்வளவு போச்சுன்னுதானே பார்க்கணும்" என்றார். நாலு வருஷமாக என் கையை இப்படி ஒருவரும் பேசவில்லை. அந்த இடத்தில்தான் விழுந்தேன். வயிற்றெரிச்சல் என்னவென்றால், அந்தக் கணக்குச் சரியான கணக்குதான் என்று நேற்று மதுரையில் பார்த்த வக்கீலும் சொன்னார்.

வக்கீலுக்கு 20,000, நகலுக்கு 1,500, ஹைகோர்ட்டில் கட்டாயம் கட்ட வேண்டிய டெபாசிட் என்று 25,000. மொத்தம் 46,500. இரண்டு வளையலை அடகு வைத்துக் கொடுத்தேன். அந்த டெபாசிட் என்பது நஷ்ட ஈடு கொடுக்க வேண்டிய தரப்பு அப்பீல் போனால் கட்டுவது. அடிபட்டவர் கட்ட வேண்டியதே இல்லை. சட்டத்தில் இருக்கும் தொகையையே எடுத்து என்னிடம் வசூல் செய்திருக்கிறார்.

அப்புறம் அலைச்சல். மார்ச்சில் "நம்பர் ஆகப்போகுதுக்கா". ஏப்ரலில் வக்கீலுக்கு உடம்பு சரியில்லை. மே மாதம் கோர்ட் லீவு. ஜூனில் போனால் கடைப்பையன், "அண்ணன் மதுரைக்குப் போயிருக்காங்க, தண்ணி குடிக்கிறீங்களா?" என்கிறான். உள்ளறையில் அவருடைய குரல் கேட்கிறது! சத்தம் போட்ட பிறகு ஒரு தாளில் வழக்கு எண்ணைப் பேனாவால் எழுதி, மேலே ஒரு ரப்பர் ஸ்டாம்ப் குத்திக் கொடுத்தார்.

நேற்று மகளைக் கூட்டிக்கொண்டு மதுரைக் கிளைக்கே போனேன். அந்த எண் யாரோ ஒருவருடைய நிலத் தகராறு. என் பெயரில் எதுவுமே இல்லை. அப்பீல் போட 90 நாள்தான் கெடு, அது ஏப்ரலிலேயே முடிந்துவிட்டது. சாயங்காலம் அவருக்குப் போன் அடித்தேன். "நீங்கதான் பேப்பர் லேட்டா கொடுத்தீங்க" என்று சொல்லி வைத்துவிட்டார்.

தகுந்த காரணம் காட்டினால் தாமதத்தை மன்னிக்கக் கோர்ட்டுக்கு அதிகாரம் உண்டாம். அதற்குத்தான் இப்போது ஓடுகிறேன். இலவச சட்ட உதவியில் பெண்களுக்கு வருமான வரம்பே கிடையாது என்பதும் நேற்றுத்தான் தெரியும். 15100 என்ற எண்ணுக்குப் போன் செய்தாலே வழி சொல்வார்கள். 46,500 ரூபாய் கொடுத்திருக்கவே வேண்டாம்.

என்ன செய்ய வேண்டும் என்று வரிசையாக எழுதத்தான் நினைத்தேன், முடியவில்லை. இவ்வளவு மட்டும்: தீர்ப்புத் தேதியிலிருந்து 90 நாளை எண்ணிக்கொள்ளுங்கள். வக்கீலை அமர்த்தும் வக்காலத்துத் தாளில் கையெழுத்துப் போடுமுன் அந்த வக்கீலை நேரில் பாருங்கள். வருவதில் பங்கு கொடு என்று வக்கீல் கேட்கவே கூடாது. வழக்கு எண் கொடுத்தால் அன்றைக்கே இணையத்தில் போட்டுப் பாருங்கள். சமரசம் என்று மக்கள் நீதிமன்றத்தில் கையெழுத்துப் போட்டுவிட்டால் அதன்மேல் அப்பீல் கிடையாது. ரசீது இல்லாமல் ரொக்கம் கொடுக்காதீர்கள். என் 25,000 அப்படித்தான் போனது. மீதிக்காவது ஜிபே சாட்சி இருக்கிறது.

இன்று காலை ஸ்டேஷனில் மனு கொடுத்து ரசீது வாங்கிவிட்டேன். திரும்பி வரும்போது அந்த மாடிப்படியில் கக்கத்தில் கட்டையோடு ஒரு பெரியவர் ஏறிக்கொண்டிருந்தார். கீழேயிருந்து கூப்பிட்டேன், காதில் விழவில்லை. அதே மாடியில் பணம் கொடுத்தவர்கள் இருந்தால் நீங்களும் மனு கொடுங்கள். என் ஒருத்தி மனுவுக்கு அவர் பயப்படப் போவதில்லை.