47 நாள் ஆகிவிட்டது, கன்சோலும் வரவில்லை, பணமும் வரவில்லை: ஆன்லைனில் கேம் ஆர்டர் போடும் முன் இதைப் படியுங்கள்

நேற்று இரவு எட்டரை மணிக்குக் கடைசிப் பதில் வந்தது. "உங்கள் ஆர்டர் டெலிவரி ஆகிவிட்டதால் இந்தப் புகாரை முடித்து வைக்கிறோம்." டெலிவரி ஆகவில்லை. என் அரை மாதச் சம்பளம் அவர்களிடம் இருக்கிறது. என் வீட்டில் இருப்பது ஒரு கண்ணாடித் துண்டு. அது என்ன கண்ணாடி என்று கீழே சொல்கிறேன். ராத்திரி தூக்கம் வரவில்லை. ஆத்திரம் ஆறுவதற்குள் எழுதிவிட வேண்டும் என்றுதான் காலையிலேயே உட்கார்ந்துவிட்டேன். இந்த நேரத்திலும் யாரோ ஒருவர் அதே பக்கத்தில் அதே பொத்தானை அழுத்திக்கொண்டிருப்பார்.

கடையின் பெயரைப் போடவில்லை. வங்கியில் எழுத்துப்பூர்வமாகப் புகார் கொடுத்திருக்கிறேன், அது ஒரு முடிவுக்கு வரட்டும். எப்படிப்பட்ட கடை என்று மட்டும் சொல்கிறேன். கேம், கன்சோல், கன்ட்ரோலர் மட்டுமே விற்கும் ஆன்லைன் கடை. பத்துப் பேர் சேர்ந்து விற்கும் பெரிய தளம் கிடையாது, ஒரே கடை, சொந்தத் தளம். பார்க்கப் பளிச்சென்று இருக்கும். கேம் விமர்சனம்கூட எழுதிப் போட்டிருப்பார்கள். அதைப் பார்த்துத்தான் 'நம்ம ஆட்கள், விளையாடத் தெரிந்தவர்கள் நடத்தும் கடை' என்று நினைத்தேன்.

என் மகளுக்குப் பன்னிரண்டு வயது. சைக்கிளில் இருந்து விழுந்து கணுக்கால் எலும்பு முறிந்தது. ஆறு வாரம் மாவுக்கட்டு, காலை ஊன்றக் கூடாது, தலையணை மேல் தூக்கியே வைத்திருக்க வேண்டும் என்று டாக்டர் சொல்லிவிட்டார். வீட்டில் இருக்கும் பழைய கன்சோல் கூடத்து டிவியோடு இணைந்தது. படுத்த இடத்தில் இருந்து விளையாட முடியாது. கையில் பிடித்து விளையாடுவது வேண்டும் என்றால் நின்டெண்டோ ஸ்விட்ச் 2 தான் சரி என்று முடிவு செய்தோம். என் அரை மாதச் சம்பளம். அதில் ஒரு பங்கு அவள் இரண்டு வருடமாகச் சேர்த்து வைத்த காசு. "என் காசையும் போடுங்கப்பா, அப்பதான் அது என்னோடது"ன்னு சொல்லிக் கொடுத்தாள்.

தளத்தில் பச்சை எழுத்தில் 'கையிருப்பில் உள்ளது, 24 மணி நேரத்தில் அனுப்பப்படும்' என்று இருந்தது. கூடவே ஒரு கார் ரேஸ் கேம், ஒரு பை, திரைக்கு ஒட்டும் கண்ணாடி எல்லாவற்றையும் சேர்த்தேன். கார்டு எண்ணைப் பாதி அடித்துவிட்டேன். அப்போதுதான் மூலையில் சாட் பெட்டி திறந்தது.

"வணக்கம் சார், உங்கள் ஆர்டரைப் பார்த்துக்கொண்டிருக்கிறேன். கார்டில் கட்டினால் சரிபார்ப்புக்கு இரண்டு மூன்று நாள் ஆகும். நேரடியாக வங்கிக் கணக்குக்கு அனுப்பினால் இன்றைக்கே பார்சல் கிளம்பிவிடும்" என்று ஒருவர் எழுதினார். நான் தயங்கினேன். அந்த அவசரத்தில் மகளுக்குக் கால் முறிந்ததையும் சொல்லிவிட்டேன். உடனே வந்த பதிலை அப்படியே தருகிறேன், ஸ்க்ரீன்ஷாட் இருக்கிறது: "ஐயோ, பாவம் சார் குழந்தை. கவலைப்படாதீர்கள். உங்கள் பெட்டியை இப்போது என் கையில்தான் வைத்திருக்கிறேன். நானே பேக் செய்து அனுப்புகிறேன்."

என் கையில்தான் வைத்திருக்கிறேன். இந்த ஒரு வரியில்தான் நான் விழுந்தேன். கிடங்கில் நிற்கும் ஒரு ஆள், கையில் அந்தச் சிவப்புப் பெட்டி, என் பெண்ணுக்காக அதை ஓரமாக எடுத்து வைக்கிறார் என்று என் கண்ணுக்கே தெரிந்தது. அவர் கொடுத்த கணக்கின் பெயர் கடையின் பெயராக இல்லை. அதைக் கேட்டேன். "எங்கள் தாய் நிறுவனம் சார்" என்றார். சரி என்று அனுப்பிவிட்டேன். ஒரு நிமிடம்கூட ஆகியிருக்காது. அரை மாதச் சம்பளம் போய்விட்டது.

அன்றைக்குக் கிளம்பும் என்ற பார்சலுக்கு மூன்றாம் நாள்தான் டிராக்கிங் நம்பர் வந்தது. நிம்மதியாக இருந்தது. மகள் அந்த எண்ணை ஒரு தாளில் எழுதி, கட்டிலுக்குப் பக்கத்தில் ஒட்டி வைத்துத் தினமும் நாலு தடவை பார்ப்பாள். எப்போது பார்த்தாலும் ஒரே வரி: 'அனுப்புநரிடம் இருந்து விவரம் பெறப்பட்டது'. எட்டாம் நாள் கூரியர் அலுவலகத்துக்கே போன் செய்தேன். அங்கே இருந்த பெண் பொறுமையாக விளக்கினார். அந்த வரிக்கு லேபிள் அச்சடித்திருக்கிறார்கள் என்று மட்டும்தான் அர்த்தம், பொருள் எங்கள் கைக்கே வரவில்லை, எங்கள் ஆள் எடுத்து ஒரு ஸ்கேன் செய்தால்தான் பயணம் ஆரம்பித்ததாகக் கணக்கு என்றார். இது எனக்குத் தெரியாது. எண் வந்தாலே பொருள் கிளம்பிவிட்டது என்றுதான் இத்தனை வருடமாக நினைத்துக்கொண்டிருந்தேன்.

கடைக்கு எழுதினேன். முதலில் கூரியர் மேல் பழி. கூரியர்காரர்கள் சொன்னதைச் சொன்னதும், "உலகம் முழுக்கத் தட்டுப்பாடு சார், நாங்கள் என்ன செய்வது?" நான் விளையாடுகிற ஆள்தான், காத்திருப்பது எனக்குப் புதிதில்லை. பிளேஸ்டேஷன் 5 கன்சோல் 2020 நவம்பரில் வந்து, இரண்டு வருடத்துக்கு மேல் சாதாரணமாகக் கடையில் கிடைக்காமல் இருந்த காலத்தைப் பார்த்தவன். ஸ்விட்ச் 2 கூட 2025 ஜூன் 5 வெளியாகி நாலே நாளில் 35 லட்சத்துக்கு மேல் விற்றது. அதனால் தட்டுப்பாடு என்றதும் என்னால் உடனே எதிர்த்துப் பேச முடியவில்லை. இருக்கலாம் என்று நானே அவர்களுக்காக வீட்டில் சமாதானம் சொன்னேன்.

ஆனால் தாமதத்தை நேர்மையாகச் சொல்ல ஒரு முறை இருக்கிறது. ஸ்டீம் டெக் என்று கையில் பிடித்து விளையாடும் கருவி ஒன்று, அதை 2021 டிசம்பரில் அனுப்பத் தொடங்குவதாக வால்வ் நிறுவனம் சொல்லியிருந்தது. முடியாது என்று தெரிந்ததும் நவம்பரிலேயே வெளிப்படையாக அறிவித்து, 2022 பிப்ரவரிக்குத் தள்ளி வைத்தார்கள். முன்பதிவு செய்தவர்களிடம் வாங்கியிருந்தது சின்ன முன்பணம், வேண்டாம் என்றால் அதுவும் திரும்பக் கிடைக்கும். எல்லோரும் திட்டினார்கள்தான், ஆனால் யாரும் ஏமாறவில்லை. இங்கே கையிருப்பில் இருக்கிறது என்று எழுதி, கையில் வைத்திருக்கிறேன் என்று சொல்லி, முழுப் பணத்தையும் வாங்கிக்கொண்ட பிறகு தட்டுப்பாடு என்கிறார்கள். அப்படியானால் அவர் கையில் அன்றைக்கு என்ன இருந்தது?

பத்தொன்பதாம் நாள் பார்சல் வந்தது. ஆமாம், வந்தது. நான் அலுவலகத்தில் இருந்தேன். வாசலில் மணி அடித்ததும் மகள் கட்டிலில் இருந்தே கத்தியிருக்கிறாள். என் மனைவி வாங்கிக்கொண்டுபோய் அவள் மடியில் வைத்தாள். கையில் வாங்கும்போதே கனம் இல்லை என்று அவளுக்குத் தெரிந்துவிட்டதாம், ஆனாலும் பிள்ளையிடம் சொல்ல மனம் வரவில்லை. உள்ளே ஒரு உறை, அதற்குள் இன்னொரு அட்டை, அதற்குள் 7.9 அங்குலத் திரைக்கு ஒட்டும் கண்ணாடி. துடைக்க ஒரு துணி. அவ்வளவுதான். மகள் எனக்குப் போன் செய்தாள். "அப்பா, கண்ணாடி மட்டும் வந்திருக்கு. மத்தது பின்னாடி வருமா?" வரும் என்று சொன்னேன். நானும் அப்படித்தான் நம்பினேன்.

அன்று சாயங்காலம் தளத்தில் என் கணக்கைத் திறந்தேன். மொத்த ஆர்டருக்கும் நேராக 'டெலிவரி ஆனது' என்று போட்டிருந்தது. கன்சோல், கேம், பை எல்லாமே. அந்தக் கண்ணாடியை ஏன் அனுப்பினார்கள் என்பது அப்போதுதான் விளங்கியது. ஒரு முகவரியில் ஒரு கையெழுத்து வாங்கியாகிவிட்டது, இனி எங்கே புகார் போனாலும் அதை நீட்டலாம். பார்சல் லேபிளில் எடை 120 கிராம் என்று அச்சாகியிருக்கிறது. கன்சோல் மட்டுமே, இரண்டு பக்கமும் மாட்டும் ஜாய்-கான் கன்ட்ரோலரோடு சேர்த்து, அரை கிலோவுக்கு மேல். அந்த லேபிளைக் கிழிக்காமல் எடுத்து வைத்தது என் மனைவி. பெட்டியில் கன்சோல் வரவில்லை என்பதற்கு இன்றைக்கு என்னிடம் இருக்கும் ஒரே உருப்படியான ஆதாரம் அதுதான்.

அதற்குப் பிறகு நடந்ததை விவரமாக எழுத எனக்கே அலுப்பாக இருக்கிறது. பதினான்கு மின்னஞ்சல். ஒவ்வொன்றுக்கும் 'உங்கள் பொறுமைக்கு நன்றி'. இரண்டு நாள் நான் பதில் எழுதவில்லை என்றால் புகார் தானாகவே 'தீர்க்கப்பட்டது' என்று மாறிவிடும், மறுபடி முதலில் இருந்து புது எண், புது ஆள், புதுக் கதை. 'என் கையில்தான் வைத்திருக்கிறேன்' என்று சொன்னவர் பிறகு வரவே இல்லை. கேட்டால் அப்படி யாரும் எங்களிடம் இல்லை என்றார்கள். பணத்தைத் திருப்பித் தாருங்கள் என்றதும், கடையின் வாலெட்டில் வரவு வைக்கிறோம், அங்கேயே வேறு ஏதாவது வாங்கிக்கொள்ளுங்கள் என்றார்கள். இன்னொருவர், நீங்களாக ரத்து செய்தால் பத்து சதவீதம் பிடித்தம் உண்டு என்று விதியைக் காட்டினார். பொருளை அனுப்பாதவர்களுக்கு எதற்குப் பிடித்தம்?

முப்பத்து மூன்றாம் நாள் ராத்திரி வேறு மின்னஞ்சலில் புதுக் கணக்கு திறந்து பார்த்தேன். அதே கன்சோல், அதே பச்சை எழுத்து, 'கையிருப்பில் உள்ளது, 24 மணி நேரத்தில் அனுப்பப்படும்'. பணம் கட்டும் பக்கம் வரைக்கும் போனேன். எந்தத் தடையும் இல்லை. மூலையில் சாட் பெட்டி திறந்து வணக்கம் சொன்னது. எனக்குத் தட்டுப்பாடு, அடுத்து வருகிறவருக்குக் கையிருப்பு. புதிதாக வருகிறவர் பணத்தில் பழைய ஆளில் அதிகம் சத்தம் போடுகிறவருக்கு மட்டும் ஒரு பெட்டி வாங்கி அனுப்புகிறார்கள் என்றுதான் நான் சந்தேகப்படுகிறேன்.

நாற்பத்திரண்டாம் நாள் மகளுக்கு மாவுக்கட்டைப் பிரித்தார்கள். கால் மெலிந்து, தோல் உரிந்து, பார்க்கவே பாவமாக இருந்தது. வீட்டுக்கு வந்ததும் கட்டில் பக்கம் ஒட்டியிருந்த டிராக்கிங் நம்பர் தாளை அவளே கிழித்து எடுத்தாள். "இனிமே எதுக்குப்பா அது, நான் எழுந்து நடக்கப் போறேன்ல" என்றாள். அவள் காசையும் சேர்த்துத் தொலைத்த எனக்கு அந்த இடத்தில் நிற்க முடியவில்லை.

மறுநாள் வங்கிக்குப் போனேன். அங்கே இருந்த அதிகாரி கேட்ட முதல் கேள்வி, "கார்டில் கட்டினீங்களா, நேரா அனுப்பினீங்களா?" நேராக அனுப்பினேன் என்றதும் அவர் பேனாவைக் கீழே வைத்துவிட்டார். கார்டாக இருந்தால் சார்ஜ்பேக் கேட்டிருக்கலாம், பொருள் வரவில்லை என்று சொல்லிக் கடையின் வங்கியிடம் இருந்தே பணத்தைத் திரும்ப எடுக்கும் வழி. விசா, மாஸ்டர்கார்டு விதிகளில் பொதுவாக, பொருள் வந்து சேர வேண்டிய தேதியில் இருந்து 120 நாள் வரைக்கும் அதற்கு அவகாசம் உண்டு. நாமாக ஒரு கணக்குக்கு அனுப்பிய பணத்துக்கு அந்த வழி கிடையாது. அந்தக் கணக்குக்காரரிடம் கேட்டுப் பார்க்கலாம், அவர் சம்மதித்தால் உண்டு. சாட்டில் வந்தவர் கார்டில் இருந்து என்னை ஏன் நகர்த்தினார் என்பது 43 நாள் கழித்து அந்த மேஜை முன்னால் உட்கார்ந்தபோது புரிந்தது. கார்டிலேயே கட்டியவர்களை இழுத்தடிப்பதும் இதற்காகவே இருக்கலாம், அந்த அவகாசம் தாண்டிவிட்டால் அவர்களுக்கும் என் கதிதான்.

அமெரிக்காவில் தபால் வழி வியாபாரத்துக்கென்று 1975-லேயே ஒரு விதி கொண்டுவந்தார்கள், இப்போது ஆன்லைன் ஆர்டருக்கும் அதுதான். சொன்ன காலத்துக்குள், காலம் சொல்லவில்லை என்றால் 30 நாளுக்குள், அனுப்ப வேண்டும். முடியவில்லை என்றால் வாங்கியவரிடம் சம்மதம் கேட்க வேண்டும், அவர் காத்திருக்க மாட்டேன் என்றால் பணத்தைத் திருப்ப வேண்டும், வாலெட்டில் வரவு வைப்பதெல்லாம் செல்லாது. ஐரோப்பிய ஒன்றியத்திலும் வேறு தேதி பேசிக்கொள்ளவில்லை என்றால் 30 நாள்தான். உங்கள் நாட்டு விதி என்ன என்று ஆர்டர் போடும் முன்பே பார்த்து வையுங்கள். நான் போட்ட பிறகு தேடினேன்.

என்ன செய்ய வேண்டும் என்று விவரமாக எழுதத்தான் உட்கார்ந்தேன், வங்கிக்குக் கிளம்ப வேண்டும், அவசரமாகச் சொல்லிவிடுகிறேன். கார்டில் மட்டும் கட்டுங்கள். வேறு கணக்குக்கு அனுப்பச் சொன்னால், எவ்வளவு அன்பாகச் சொன்னாலும், அந்தப் பக்கத்தை மூடிவிடுங்கள். டிராக்கிங்கில் முதல் ஸ்கேன் விழாத வரைக்கும் பொருள் கிளம்பவில்லை. பார்சல் வந்தால் பிரிக்கும் முன்பே லேபிளோடு, எடை தெரியும்படி படம் எடுங்கள், பிரிப்பதை வீடியோ எடுங்கள். பாதிப் பொருள்தான் வந்தது என்றால் அன்றைக்கே எழுத்தில் சொல்லுங்கள். சாட் உரையாடலை உடனுக்குடன் ஸ்க்ரீன்ஷாட் எடுங்கள், எனக்கு இரண்டாம் வாரமே அது தளத்தில் இருந்து காணாமல் போனது. வாலெட் வரவுக்கு ஒத்துக்கொள்ளாதீர்கள்.

இப்போதே இப்படி ஒரு ஆர்டருக்குக் காத்திருக்கிறவர்கள், கார்டில் கட்டியிருந்தால், அடுத்த மின்னஞ்சலுக்குக் காத்திருக்காமல் இன்றைக்கே வங்கியைக் கூப்பிடுங்கள். அதே கண்ணாடி உங்களுக்கும் வந்திருந்தால் லேபிளை எறிந்துவிடாதீர்கள். எனக்குச் சொல்லுங்கள், சேர்ந்தே புகார் கொடுப்போம்.