வாயோர எரிவும் நுரை குறைந்த பற்பசையும்: ஒரு வருடத்துக்கு மேலான அனுபவம்

பல் விளக்கி முடித்ததும் கீழுதட்டுக்குக் கீழேயும் வாயின் இரண்டு பக்கத்திலும் தோல் சிவந்து எரியும். மத்தியானமாகும்போது அந்த இடம் வறண்டு மெல்லிசாக உரியும். கொழும்பு வெக்கையில் வியர்வையும் பட்டால் கடி தாங்க முடியாது. முகக் கிறீமை நிறுத்தினேன், சவர்க்காரத்தை மாற்றினேன், ஒன்றும் சரிவரவில்லை. வெள்ளவத்தையில் ஒரு தோல் டொக்டரிடம் காட்டினேன். அவர் கேட்ட முதல் கேள்வியே "என்ன பற்பசை பாவிக்கிறீங்க?" என்பதுதான்.

பெரும்பாலான பற்பசைகளில் நுரைக்காக சோடியம் லோரில் சல்பேட் சேர்க்கிறார்கள். பல ஷாம்புகளிலும் இருப்பது இதே சாமான்தான். தோலின் எண்ணெய்ப்பசையை இது எடுத்துவிடும். விளக்கும்போது நுரை வாயோரத்தால் வழிந்து நாடி வரைக்கும் வரும், அது அங்கேயே காய்ந்தால் எரிவு. சிலருக்குப் புதினா, கறுவா, கராம்பு வாசனைகளும் ஒத்துவராது.

அந்தச் சல்பேட் இல்லாத பற்பசைக்கு மாறினேன். முதல் கிழமை பல் விளக்கிய மாதிரியே இருக்கவில்லை, அவ்வளவு குறைந்த நுரை. பிறகு பழகிவிட்டது, பல்லும் சுத்தமாகவே இருக்கிறது. சிவப்பு மெல்ல மெல்லத்தான் போனது. ஒரே இரவில் மாறும் என்று எதிர்பார்க்க வேண்டாம். விலைதான் உறுத்துகிறது. இறக்குமதிச் சாமான், எல்லாக் கடையிலும் கிடைக்காது. ஆனால் பட்டாணி அளவு பசையே போதும் என்பதால் ட்யூப் நெடுநாள் வருகிறது. "இயற்கை" என்று எழுதியிருக்கும் சிலவற்றில் பல் சூத்தையாகாமல் காக்கும் புளோரைட் கிடையாது. பெட்டியில் புளோரைட் 1000 முதல் 1500 பிபிஎம் (ppm, பத்து லட்சத்தில் இத்தனை பங்கு) வரை இருக்கிறதா என்று பார்த்து வாங்குங்கள், தோலைக் காப்பாற்றப் போய்ப் பல்லைச் சூத்தையாக்கக் கூடாது.

பற்பசையை மாற்றிய அளவுக்கே உதவிய இன்னொன்று, காசு செலவில்லாதது: முதலில் பல், அப்புறம் முகம். முன்பு முகம் கழுவிவிட்டுப் பல் விளக்குவேன், துவாயால் வாயைத் துடைப்பதோடு சரி. இப்போது பல் விளக்கிக் கொப்பளித்ததும் வாயைச் சுற்றி வெறும் தண்ணீரால் நன்றாகக் கழுவி, துவாயால் ஒற்றி எடுக்கிறேன். எரிவு கூடிய நாட்களில் விளக்குவதற்கு முன் வாயோரத்தில் கொஞ்சம் வாசலின் பூசினால் நுரை தோலில் பிடிக்காது. பிரஷ்ஷும் மென்மையான நார் உள்ளதுதான்.

ஒன்றை மட்டும் அழுத்திச் சொல்கிறேன். டொக்டர் எழுதித் தராமல் ஸ்டீரொயிட் கிறீம் பூசாதீர்கள். இரண்டு நாளில் சிவப்பு அடங்கும், நிறுத்தியதும் சின்னச் சின்னப் பருக்களோடு முன்பைவிட மோசமாக வரக்கூடும். வாயின் மூலை வெடித்து வலித்தால் அது பங்கசுத் தொற்றாகவும் இருக்கலாம், பற்பசையை மாற்றி அதைத் தீர்க்க முடியாது, டொக்டரிடம் காட்டத்தான் வேண்டும்.