ஜம்பலாயாவா, எட்டூஃபேயா? இறால் எப்போது பானைக்குள் போகிறது என்பதுதான் கேள்வி

அமெரிக்காவின் லூசியானா மாநிலத்தில் உள்ள பேட்டன் ரூஜுக்குக் குடிவந்த முதல் வருடம் முழுக்க ஜம்பலாயாதான் சமைத்தேன். ஒரே பானை, அரிசி, இறால், தக்காளி. பிரியாணிக்குத் தம் போடத் தெரிந்தவனுக்கு இது என்ன பெரிய வித்தை என்ற மிதப்பு. இரண்டாம் வருடம் எட்டூஃபே என்ற இறால் குழம்புக்கு மாறினேன், இன்னும் திரும்பவில்லை. அதனால் இது நடுநிலையான அலசல் இல்லை என்பதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன்.

இரண்டுக்கும் அடித்தளம் ஒன்றுதான்: வெங்காயம், செலரி, பச்சைக் குடமிளகாய். லூசியானாவில் இதை ‘ஹோலி டிரினிட்டி’ என்பார்கள். ஜம்பலாயாவில் இதை வதக்கி, சாசேஜ், சாறு, அரிசி எல்லாவற்றையும் ஒரே பானையில் வேகவிடுகிறோம். எட்டூஃபேயில் வெண்ணெயும் மைதாவும் சேர்த்து வறுத்த ‘ரூ’வில் கெட்டியான குழம்பு வைத்து, தனியாக வடித்த சோற்றின் மேல் ஊற்றுகிறோம். பெயருக்கு பிரெஞ்சில் மூச்சை அடைப்பது என்று பொருள். மூடி போட்டுப் புழுங்கவிடுவதால் வந்த பெயர். தக்காளி போட்ட சிவப்பு ஜம்பலாயா நியூ ஆர்லியன்ஸ் கிரியோல் வகை, தக்காளி இல்லாத பழுப்பு ஜம்பலாயா கேஜன் வகை (கனடாவிலிருந்து வந்து குடியேறிய பிரெஞ்சுக்காரர்களின் வழிவந்தவர்கள் சமைப்பது) என்று பொதுவாகப் பிரிப்பார்கள். எட்டூஃபேயைப் பலரும் கேஜன் பக்கம் சேர்ப்பார்கள், ஆனால் கிரியோல் சமையலிலும் அது உண்டு. அந்தச் சண்டைக்குள் நான் போகவில்லை.

செலவு? இறால் விலைதான் செலவு, அது இரண்டிலும் ஒன்று. நேரம்? இரண்டும் ஏறக்குறைய ஒரு மணி நேரம். கழுவ வேண்டிய பாத்திரம் ஜம்பலாயாவில் ஒன்று குறைவு.

மூன்றாவதாக, சூப் போன்ற குழம்பான கம்போவும் போட்டியில் இருந்தது. லூசியானா 2004-இல் தன் மாநில உணவாகவே அறிவித்த பண்டம், ருசியில் குறை சொல்ல முடியாது. ஆனால் அதன் ரூ சாக்லேட் நிறத்துக்கு வர முக்கால் மணி நேரம் அடுப்பை விட்டு நகராமல் கிண்ட வேண்டும். கறுப்புப் புள்ளி விழுந்தால் கீழே கொட்டிவிட்டு முதலிலிருந்து தொடங்க வேண்டியதுதான். அப்புறம் அதைக் கெட்டியாக்க வெண்டைக்காயா, சாசஃப்ராஸ் இலைப் பொடியான ஃபிலேயா என்ற தனிக் கேள்வி. வேலை முடிந்து வந்த செவ்வாய்க்கிழமை இரவுக்கு அது சரிப்படாது.

சரி, தீர்மானித்த விஷயத்துக்கு வருகிறேன். நடுத்தர அளவு இறால் வேக மூன்று, நான்கு நிமிடம் போதும். அரிசி வேக இருபது, இருபத்தைந்து நிமிடம் ஆகும். ஜம்பலாயாவின் சிக்கல் மொத்தமும் இந்த இரண்டு எண்களுக்கு நடுவில்தான் இருக்கிறது. முதல் தடவை நான் இறாலை அரிசியோடேயே போட்டேன். விருந்தாளிகள் மரியாதைக்காக மென்று கொண்டே இருந்தார்கள், ரப்பர். அடுத்த தடவை அரிசி முக்கால் வேக்காட்டில் இருக்கும்போது மூடியைத் திறந்து இறாலைக் கிளறிவிட்டேன். ஆவி போனது, அரிசி உடைந்து குழைந்தது, மேலே இருந்த இறால் பச்சை, அடியில் இருந்தது ரப்பர். மூன்றாவது வழி, இறாலைத் தனியே வாட்டி எடுத்து வைத்து, அடுப்பை அணைத்த பிறகு சோற்றில் புரட்டுவது. இது நன்றாகவே வரும், மறுக்கவில்லை. ஆனால் அப்போது ஒரே பானை என்ற பெருமை போய்விடுகிறது. இறாலும் சோற்றோடு சேர்ந்து வெந்ததாக இல்லாமல் மேலே தூவியதாக நிற்கிறது.

எட்டூஃபேயில் இந்தப் பிரச்சினையே எழாது, ஏனென்றால் குழம்புக்கு அவசரம் இல்லை. அரை கிலோ இறாலுக்கு நான் செய்வது இது: உரித்த ஓட்டையும் தலையையும் எண்ணெயில் லேசாக வறுத்து, நான்கு கப் தண்ணீர் ஊற்றி அரை மணிக்குள் கொதிக்கவைத்து வடித்துக்கொள்வேன். 60 கிராம் வெண்ணெயில் கால் கப் மைதாவை வேர்க்கடலை வெண்ணெய் நிறம் வரும்வரை, பத்து நிமிடம் போல, கிண்டுவேன். காய்கள், பூண்டு, தைம், பிரிஞ்சி இலை, காரத்துக்குக் கெயன் மிளகாய்த்தூள். சாற்றை இரண்டு கப் அளவு கொஞ்சம் கொஞ்சமாக ஊற்றி, மூடி, சிறு தீயில் இருபது நிமிடம். மீதிச் சாறு குழம்பு இறுகினால் தளர்த்துவதற்கு. எல்லாம் முடிந்து, சோறும் வெந்து, தட்டு போட்ட பிறகுதான் இறால் உள்ளே போகும். அது சுருண்டு சிவந்ததும் அடுப்பை அணைத்து, வெங்காயத்தாள் தூவினால் முடிந்தது. சாற்றின் ருசி ஏற்கெனவே குழம்பில் இறங்கிவிட்டதால் இறாலை வேகவைத்துப் பிழிய வேண்டிய அவசியம் இல்லை.

இதைவிடப் பெரிய லாபம் மறுநாள் தெரியும். மிஞ்சிய ஜம்பலாயாவைச் சூடாக்கினால் சோற்றுக்குள் புதைந்திருக்கும் இறாலும் கூடவே மறுபடி வேகும். எட்டூஃபேயில் நான் ஞாயிற்றுக்கிழமை இறால் போடாத குழம்பை இரண்டு மடங்காக வைத்து, பாதியை ஃப்ரீசரில் போட்டுவிடுகிறேன். புதன்கிழமை அதைக் கொதிக்கவிட்டுப் பச்சை இறாலைப் போட்டால் அன்று வைத்த குழம்புதான். மிஞ்சிய சோறு விஷயத்தில் மட்டும் இரண்டுக்கும் ஒரே விதி: இரண்டு மணி நேரத்துக்குள் ஃபிரிட்ஜுக்குள் போக வேண்டும்.

ஜம்பலாயாவுக்கு நியாயமாகச் சேர வேண்டியதையும் சொல்கிறேன். முப்பது பேருக்குச் சமைப்பதானால் அதுதான். பக்கத்தில் கொன்சாலஸ் ஊர்க்காரர்கள் தங்களை ஜம்பலாயாவின் உலகத் தலைநகர் என்று சொல்லிக்கொள்வார்கள். அங்கே பெரிய இரும்புப் பானைகளில் துடுப்புப் போன்ற கரண்டியால் கிண்டுவார்கள். ஆனால் உள்ளே பார்த்தால் பெரும்பாலும் கோழியும் சாசேஜும். எவ்வளவு நேரம் வெந்தாலும் தாங்கும் சரக்கு! அந்த அளவில் நான் சமைத்ததில்லை, ஆறு பேர்தான் என் உச்சம். அரிசி குழைவதற்கு என் பக்குவமும் காரணமாக இருக்கலாம். பின்னாளில் புழுங்கல் அரிசிக்கு மாறியதும் ஜம்பலாயா வெகுவாகத் தேறியது. இங்கே பல வீடுகளில் அதைத்தான் போடுகிறார்கள் என்பது எனக்குத் தாமதமாகத்தான் தெரிந்தது.

இறாலுக்குப் பதில் க்ராஃபிஷ் (சிறிய சிங்கிறால் போன்ற நன்னீர் உயிரினம்) போடலாமா என்றால், எட்டூஃபேக்குப் பேர்போனது உண்மையில் அதுதான். நான் இரண்டே தடவைதான் செய்திருக்கிறேன், அதனால் உறுதியாகப் பேச மாட்டேன். உரித்த வால் சதை பாக்கெட்டில் வருவது ஏற்கெனவே வெந்தது, சூடேறினால் போதும். முதல் தடவை பாக்கெட்டில் ஒட்டியிருந்த மஞ்சள் கொழுப்பை அழுக்கு என்று நினைத்துக் குழாயில் நன்றாக அலசிவிட்டேன். இரண்டாம் தடவை அதே பாக்கெட்டில் கொஞ்சம் தண்ணீர் விட்டுக் குலுக்கி, அந்தத் தண்ணீரையும் குழம்பிலேயே ஊற்றினேன்.